கோழிவலையில் பிடித்த டிவி

முதல்ல ஒரு சின்னக் கேள்வி. கூகிளாண்டவரைக் கூப்பிடாம பதில் சொல்லணும். 1975 ஆகஸ்ட் மாசம் டிவியை முதல்ல பார்த்தது யாரு? மெட்ராஸ் மயிலாப்பூர் மாமாவா, இல்ல கர்நாடகாவில் ராய்ச்சூர் மாவட்டத்துல ஏதோ ஒரு குக்கிராமத்துல ஆரம்பப் பள்ளிக்கூடம் போய்க்கிட்டிருந்த பொடியனா?

பொடியன்தாங்க! ரெண்டு வார வித்தியாசத்துல மாமாவை முந்திட்டான். மெட்ராஸில் தொலைக்காட்சி நிலையம் திறந்தது 1975 ஆகஸ்ட் 15. பொடியனோட ஊருக்கு டிவி வந்தது ஆகஸ்ட் 1. மாமாவுக்கு வந்தது ஊருக்குள்ள நட்ட கோபுரத்துல இருந்து. பொடியனுக்கு வந்தது 36,000 கிலோமீட்டர் உயரத்துல நின்ன ஒரு செயற்கைக்கோள்ல இருந்து.

இந்த விஷயம் நம்மில் நிறைய பேருக்குத் தெரியாது. தமிழ்நாடு அந்தத் திட்டத்தில் இல்லாததும் ஒரு காரணமா இருக்கலாம். டிவின்னாலே நமக்கு ஞாபகம் வருவது ஒளியும் ஒலியும், ஞாயித்துக்கிழமை படம், மொட்டை மாடி ஆன்டெனாவைத் திருப்பினது இதெல்லாம்தான். ஆனா இந்தியாவில் டிவியோட கதையில் ஒரே ஒரு வருஷம், சரியா 1975 ஆகஸ்ட் 1 முதல் 1976 ஜூலை 31 வரை, வரிசை தலைகீழா இருந்துச்சு. கடைசியில் நிக்கிற பிள்ளைக்கு முதல் பந்தி போட்ட வருஷம் அது. அதைப் பத்தித்தான் இந்தப் பதிவு. கொஞ்சம் நீளம், பொறுத்துக்கோங்க :-)

யாருக்கு முதலில்?

இந்தியாவில் டிவி ஆரம்பிச்சது 1959 செப்டம்பர் 15, டெல்லியில். 1961-ல் டெல்லிப் பள்ளிக்கூடங்களுக்குப் பாட ஒளிபரப்பு வந்தது. 1967 குடியரசு தினத்தில் 'கிருஷி தர்ஷன்' தொடங்கினாங்க. டெல்லியைச் சுத்தி 80 கிராமங்களில் பொதுவில் ஒரு டிவி வெச்சு, விவசாய நிகழ்ச்சி காட்டினாங்க. அப்புறம் 1972-ல் பம்பாய், அதற்குப் பிறகு ஸ்ரீநகர், அமிர்தசரஸ். இப்படி ஒவ்வொரு ஊரா ஊர்ந்துக்கிட்டிருந்தது.

இந்த வேகத்தில் போனா என்ன ஆகும்னு யோசிச்சவர் விக்ரம் சாராபாய். கோபுரம் நட்டு டிவி பரப்பினா முதலில் பெருநகரம், அப்புறம் சிறுநகரம், அப்புறம் ரோட்டோரக் கிராமம், கடைசியிலதான் காட்டுக்குள்ள இருக்கிற கிராமம். அந்தக் கடைசி ஊருக்கு வந்து சேர முப்பது நாப்பது வருஷம்கூட ஆகலாம். ஆனா மேலே இருந்து பார்க்கிற செயற்கைக்கோளுக்கு டெல்லியும் ஒண்ணுதான், ஒரிசாவில் மலைமேல இருக்கிற புல்பானியும் ஒண்ணுதான். அப்படின்னா கடைசி ஊரிலிருந்தே ஏன் ஆரம்பிக்கக் கூடாது? இதுதான் அவரோட வாதம். பசியும் எழுத்தறிவின்மையும் உள்ள நாட்டுக்கு விண்வெளி எதுக்குன்னு கேட்டவங்களுக்கு அவர் கொடுத்த பதில்களில் ரொம்ப உருப்படியானது இது.

1969 செப்டம்பரில் இந்திய அணுசக்தித் துறையும் நாசாவும் ஒப்பந்தம் போட்டன. செயற்கைக்கோள் அவங்களோடது; தரையில் இருக்கிற அத்தனையும் நம்மோடது, நிகழ்ச்சிகள் உட்பட. 'சாட்டிலைட் இன்ஸ்ட்ரக்ஷனல் டெலிவிஷன் எக்ஸ்பெரிமென்ட்', சுருக்கமா 'சைட்'. தமிழில் சொன்னா, செயற்கைக்கோள் வழிக் கல்வித் தொலைக்காட்சிச் சோதனை. சாராபாய் அதைப் பார்க்கலை. 1971 டிசம்பர் 30-ஆம் தேதி கோவளத்தில், 52 வயசுல இறந்துட்டார்.

மேலே ஒரு குடை, கீழே ஒரு கோழிவலை

அந்தச் செயற்கைக்கோளின் பெயர் ஏ.டி.எஸ்-6. 1974 மே 30-ல் ஏவினாங்க. மேலே போனதும் குடை மாதிரி விரியுற ஒரு ஆன்டெனா அதில் இருந்தது. விட்டம் 9 மீட்டருக்குக் கொஞ்சம் மேல.

இதில் ஒரு சூட்சுமம் இருக்கு. அந்தக் காலத்துச் செயற்கைக்கோள்கள் பலவீனமா முனகும். அதைக் கேக்கறதுக்குத் தரையில் பெரிய பெரிய காதுகள் வேணும். கோடிக்கணக்கில் செலவு. ஏ.டி.எஸ்-6 அந்தக் கணக்கைத் திருப்பிப் போட்டது. மேலே இருக்கிறது பெருசா, பலமா இருந்தா, கீழே இருக்கிறது சின்னதா, மலிவா இருந்தாப் போதும். எவ்வளவு மலிவு? சுமார் 3 மீட்டர் விட்டமுள்ள ஒரு கூடை. அதில் பதிச்சது கோழிக்கூண்டுக்கு அடிக்கிற கம்பிவலை! ஜோக் இல்லீங்க, நிஜமாவே அதான். அதிலிருந்து ஒரு ஒயர், நடுவில் செயற்கைக்கோள் சிக்னலைச் சாதாரண டிவிக்குப் புரியுற மாதிரி மாத்துற ஒரு பெட்டி, அப்புறம் ஹைதராபாத் இ.சி.ஐ.எல். செய்த கறுப்பு வெள்ளை டிவி. கரண்ட் இல்லாத சில ஊர்களில் பேட்டரி.

இந்தியாவுக்கு வர்றதுக்கு முன்னாடி ஒரு வருஷம் இதே செயற்கைக்கோள் அமெரிக்காவில் வேலை பார்த்தது. எங்கே தெரியுமா? நியூயார்க்கில் இல்லை. ராக்கி மலைப்பகுதியின் சின்னப் பள்ளிக்கூடங்கள், அப்பலாச்சிய மலையூர் ஆசிரியர்கள், அலாஸ்காவின் ஒதுக்குப்புறக் கிராமங்கள். பணக்கார நாட்டிலும் கடைசி வரிசைன்னு ஒண்ணு உண்டு இல்லையா, அவங்களுக்குத்தான். 1975 நடுவில் அதை மெல்ல நகர்த்திக் கொண்டுவந்து, கிழக்கு ஆப்பிரிக்காவுக்கு மேலே நிறுத்தினாங்க. இந்தியா அதன் பார்வைக்குள் வந்தது. அலாஸ்காக்காரங்களுக்கு டிவி நின்னுபோச்சு, நமக்கு வந்தது. இந்த வரியை ஞாபகம் வெச்சுக்கோங்க, பின்னாடி தேவைப்படும்.

2400 ஊர்கள்

ஆறு மாநிலங்கள்: ராஜஸ்தான், பீகார், ஒரிசா, மத்தியப் பிரதேசம், ஆந்திரா, கர்நாடகா. 20 மாவட்டங்கள். சுமார் 2400 கிராமங்கள். பின்தங்கின மாவட்டங்களாப் பார்த்து எடுத்தாங்க. மாவட்டப் பெயர்களைப் பாருங்க: சம்பாரண், சஹர்சா, தேங்கனால், புல்பானி, பிலாஸ்பூர், மஹபூப்நகர், குல்பர்கா, பீஜப்பூர்... வறட்சி, வெள்ளம் செய்திகளில் மட்டுமே நாம கேள்விப்படுற ஊர்கள்.

டிவியை யார் வீட்டிலும் வைக்கலை. பெரும்பாலும் பள்ளிக்கூடம், இல்லேன்னா பஞ்சாயத்துக் கட்டிடம். காரணம் இருக்கு. ஊர்ப் பெரிய மனுஷன் வீட்டுத் திண்ணையில் வெச்சா, சேரிக்காரர் அந்தத் தெருவுக்குள்ளேயே வர முடியாது. பள்ளிக்கூடத்து முற்றம்னா எல்லாரும் வந்து உக்காரலாம். உக்கார்ந்த விதத்தில் சாதி ஒரே நாளில் ஒழிஞ்சு போயிடலை. ஆனா ஒரே பெட்டி முன்னாடி எல்லாரும் வந்தாங்க என்பதே சின்ன விஷயம் இல்லை.

ஒரு நாளைக்கு 4 மணி நேர ஒளிபரப்பு. சாயங்காலம் இரண்டரை மணி நேரம் பெரியவங்களுக்கு: விவசாயம், சுகாதாரம், குடும்பக் கட்டுப்பாடு, ஆட்டம் பாட்டம், செய்தி. (1975 ஜூன் 25-ல் நெருக்கடி நிலை வந்தாச்சு என்பதையும் மறக்கக் கூடாது. செய்தின்னா அரசாங்கம் சொல்றதுதான் செய்தி.) காலையில் ஒன்றரை மணி நேரம் 5 முதல் 12 வயசுப் பிள்ளைகளுக்கு.

22 நிமிஷம்

அந்த ஒன்றரை மணி நேரத்தை நாலு மொழிக்குப் பங்கு போட்டாங்க: இந்தி, ஒரியா, தெலுங்கு, கன்னடம். ஒரு மொழிக்கு 22 நிமிஷம் சொச்சம். ஒரு படத்தோடு ரெண்டு ஒலித்தடம் அனுப்பும் வசதி அந்தச் செயற்கைக்கோளில் இருந்ததால், ஒரே படத்தைத் தெலுங்கிலும் கன்னடத்திலும் ஒரே நேரத்தில் பேச வைக்கவும் முடிஞ்சது.

என்ன காட்டினாங்க? இங்கேதான் எனக்கு இந்தத் திட்டத்தின் மேல பெரிய மரியாதை. பாடப் புத்தகத்தை அப்படியே வாசிச்சுக் காட்டலை. கதை, பாட்டு, கைவேலை, சுத்தம், சுத்துப்புறம். பெரும்பாலான நிகழ்ச்சிகளை ஆல் இந்தியா ரேடியோ (அப்போ டிவி அதோட ஒரு கிளைதான், தூர்தர்ஷன்னு தனியாப் பிரிஞ்சது 1976 ஏப்ரல் 1) டெல்லி, கட்டாக், ஹைதராபாத் மையங்களில் தயாரிச்சது. பிள்ளைகளுக்கான அறிவியல் நிகழ்ச்சிகளை இஸ்ரோவே பம்பாயில் எடுத்தது.

அதுக்குப் பின்னாடி இருந்தவர் அகமதாபாத் விண்வெளிப் பயன்பாட்டு மையத்தின் இயக்குநர் யஷ்பால். காஸ்மிக் கதிர் ஆராய்ச்சி பண்ணின விஞ்ஞானி. அறிவியல்னா ஆய்வுக்கூடம், கண்ணாடிக் குடுவை, வெள்ளைக் கோட்டு இல்லை, பிள்ளை தன்னைச் சுத்தி இருக்கிறதைப் பார்த்து 'ஏன்?'னு கேக்கிறதுதான் என்பது அவர் கட்சி. 1993-ல் புத்தகச் சுமையைக் குறைக்கச் சொல்லி அறிக்கை கொடுத்த யஷ்பால் கமிட்டி ஞாபகம் இருக்கா? அதே யஷ்பால்தான். ஸ்கூல் பையோட எடையைப் பத்தி அவர் 1993-ல் பேசினதுக்கு விதை, எங்கேயோ இந்தக் கிராமத்துப் பள்ளிக்கூடங்களில் விழுந்திருக்கும்னு எனக்கு ஒரு நினைப்பு.

பிள்ளைகளுக்கு மட்டும் இல்லை, வாத்தியார்களுக்கும் நடத்தினாங்க. 1975 அக்டோபரில் பள்ளி விடுமுறையில் 12 நாள் பயிற்சி. டிவி, ரேடியோ, செய்முறை, அச்சிட்ட குறிப்பு எல்லாம் சேர்த்து, ஆரம்பப் பள்ளியில் அறிவியல் எப்படிச் சொல்லித் தர்றதுன்னு. அடுத்த வருஷம் இன்னொரு சுத்து. ரெண்டும் சேர்த்துக் கிட்டத்தட்ட 50,000 ஆசிரியர்கள். இவ்வளவு பேரை ஒரே ஊருக்குக் கூப்பிட்டுப் பயிற்சி கொடுக்கிறதுன்னா சோறு போட்டே திவாலாகி இருக்கும் அரசாங்கம் :-)

சிக்கினது எங்கே?

எல்லாம் ஆஹா ஓஹோன்னு சொன்னா அது அரசு விளம்பரம் ஆயிடும். சிக்கல்களும் உண்டு.

ஒண்ணு, மொழி. மூணு மாநிலத்துக்குச் சேர்த்து 'இந்தி'. ஆனா சஹர்சா பிள்ளை வீட்டில் பேசுறது மைதிலி. சம்பாரண் பிள்ளை போஜ்புரி. ராய்ப்பூர் பிள்ளை சத்தீஸ்கரி. ராஜஸ்தான் பிள்ளைக்கு அதன் பேச்சு. டெல்லி ஸ்டுடியோவில் பேசின சுத்தமான இந்தி இவங்களுக்குப் பாதி அந்நிய மொழி. வானத்துக்கு எல்லாரும் ஒண்ணுன்னு சொன்னோம் இல்லையா, அதோட மறுபக்கம் இது. வானத்திலிருந்து பார்த்தா வித்தியாசங்கள் தெரியாமலும் போகும்.

ரெண்டு, வயசு. 5 வயசுக் குழந்தையும் 12 வயசுப் பையனும் ஒரே 22 நிமிஷத்துக்கு உக்காரணும். ஒரு வாத்தியார், ஒரு அறை, ஐந்து வகுப்பு என்று ஓடுகிற பள்ளிக்கூடத்தில் வேற வழியும் இல்லை.

மூணு, ஒருவழிப் பாதை. டிவி பேசும், கேக்காது. பிள்ளைக்கு 'ஏன்?' வந்தா அதுக்குப் பதில் சொல்ல வேண்டியது பக்கத்தில் நிக்கிற வாத்தியார். அவர் ஆர்வமா நிகழ்ச்சிக்கு முன்னும் பின்னும் பேசினா அது பாடம். பெட்டியைப் போட்டுட்டு வெளியே போயிட்டா அது வெறும் பொம்மைப் படம்.

மார்க் எவ்வளவு?

இந்தத் திட்டத்தை ஆராய்ந்த அளவுக்கு வேற எந்த டிவி திட்டத்தையும் இந்தியாவில் ஆராய்ஞ்சிருப்பாங்களான்னு சந்தேகம். பினோத் அகர்வால் தலைமையில் சமூக ஆய்வுக் குழு ஒண்ணு இருந்தது. டிவி வர்றதுக்கு முன்னாடியும், இருக்கும்போதும், போன பிறகும் கணக்கெடுத்தாங்க. சில ஊர்களில் மானுடவியலாளர்கள் மாசக்கணக்கில் அங்கேயே குடியிருந்து கவனிச்சாங்க.

என்ன கண்டுபிடிச்சாங்க? முதல் நாட்களில் திருவிழாக் கூட்டம், அப்புறம் படிப்படியாக் குறைஞ்சது. பெரியவங்களில் எழுதப் படிக்கத் தெரியாதவங்களுக்கும் பெண்களுக்கும் நல்ல பலன், குறிப்பா சுகாதார விஷயங்களில்.

பிள்ளைகள் விஷயம்? டிவி வந்ததால் பள்ளியில் சேர்றவங்க கூடலை. இடையில் நிக்கிறவங்க குறையலை. பரீட்சை மார்க்கிலும் சொல்லிக்கிற மாதிரி வித்தியாசம் இல்லை.

இந்த மூணு வரியை மட்டும் படிச்சிட்டு 'தோல்வி'ன்னு முத்திரை குத்தினவங்க உண்டு. ஆனா அதே ஆய்வில் இன்னொண்ணும் இருக்கு. டிவி பார்த்த பிள்ளைகளின் மொழி வளம் கூடியிருந்தது. வாத்தியாரையும் புத்தகத்தையும் தாண்டி மத்த இடங்களிலிருந்தும் தெரிஞ்சுக்கணும்கிற ஆர்வம் கூடியிருந்தது.

கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. ஒரு பிள்ளை பள்ளிக்கூடத்தை விட்டு ஏன் நிக்குது? மாடு மேய்க்க ஆள் வேணும். தம்பிப் பாப்பாவை இடுப்பில் தூக்கிக்க அக்கா வேணும். அறுவடைக்குக் கை வேணும். இதை 22 நிமிஷ டிவி எப்படி மாத்தும்? மாத்தலைன்னு டிவியைத் திட்டுறது, காய்ச்சலுக்கு மருந்து கொடுத்துட்டு 'கூரை ஒழுகுது பார்'னு வைத்தியரைக் குறை சொல்ற மாதிரி. எதை அளந்தாங்களோ அதில் ஜெயிக்கலை. எதுக்காக எடுத்தாங்களோ, அந்த 'ஏன்?', அதில் ஜெயிச்சிருக்கு. ஆனா 'ஏன்?'னு கேக்கிறதுக்கு எந்த மார்க் ஷீட்டிலும் கட்டம் கிடையாதே!

ஆகஸ்ட் 1, 1976

ஞாபகம் வெச்சுக்கச் சொன்னேனே, அந்த வரி இப்போ. ஏ.டி.எஸ்-6 கடன் வாங்கின பொருள். ஒரு வருஷம் முடிஞ்சது. 1976 ஜூலை 31-ஆம் தேதி கடைசி ஒளிபரப்பு. அப்புறம் செயற்கைக்கோள் அமெரிக்கா பக்கம் திரும்பிப் போயிடுச்சு. அலாஸ்காவுக்கு ஒரு வருஷம் முன்னாடி நடந்தது இப்போ நம்ம ஊருக்கு. டிவி அப்படியே இருக்கு. கோழிவலை அதே திசையைப் பார்த்துக்கிட்டிருக்கு. ஆனா அந்த இடத்தில் இப்போ யாரும் இல்லை.

அப்படியே விட்டுடலை என்பதையும் சொல்லணும். 1977-ல் ஜெய்ப்பூர், ராய்ப்பூர், முசாபர்பூர், சம்பல்பூர், ஹைதராபாத், குல்பர்கா ஆகிய ஆறு இடங்களில் தரைக் கோபுரம் நிறுத்தினாங்க. அந்தக் கோபுரங்களின் எல்லைக்குள் இருந்த கிராமங்களுக்கு டிவி தொடர்ந்தது. எல்லைக்கு வெளியே இருந்தவங்க? அதான், கடைசி வரிசை. பழைய வரிசை திரும்பி வந்துடுச்சு.

சொந்தச் செயற்கைக்கோள் வர 1982 ஆச்சு. இன்சாட்-1ஏ சில மாசத்திலேயே செயலிழந்தது. 1983-ல் போன இன்சாட்-1பி நல்லா வேலை செஞ்சது. ஆனா அதுக்குள்ள காற்று வேற பக்கம் வீசியாச்சு. 1982 ஆசியாட் போட்டிக்குக் கலர் டிவி வந்தது. நாடு முழுக்கக் கோபுரங்கள் மளமளன்னு முளைச்சன. 1984 ஜூலையில் 'ஹம் லோக்' வந்தது, பின்னாடியே விளம்பரதாரர்கள். இன்சாட் வழியா ஆறு மாநிலப் பள்ளிப் பிள்ளைகளுக்குக் கல்வி ஒளிபரப்பு நடந்துக்கிட்டுத்தான் இருந்தது. ஆனா 1975-ல் கிராமத்துப் பிள்ளைக்காகவே ஒரு செயற்கைக்கோள் நின்னது. 1985-ல் அதே பிள்ளை நகரத்துக்காரங்களோட டிவியில் ஒரு ஓரத்தில் நின்னுக்கிட்டிருந்தது.

அப்போ என்னதான் மிச்சம்?

2004 செப்டம்பர் 20-ல் கல்விக்கென்றே 'எஜுசாட்' செயற்கைக்கோளை ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து ஏவினாங்க. 2019 ஆகஸ்டில் தமிழ்நாடு அரசு 'கல்வித் தொலைக்காட்சி' ஆரம்பிச்சது. 2020-ல் கொரோனா பள்ளிக்கூடங்களை மூடினப்போ, ஸ்மார்ட்போன் இல்லாத வீட்டுப் பிள்ளைகளுக்கு அதுதான் வகுப்பறை. 1975-ல் வந்த அதே கேள்விகள் அப்போ திரும்பி வந்தன. பிள்ளைக்குச் சந்தேகம் வந்தா யார்கிட்ட கேக்கும்? டிவி ஓடுற நேரத்தில் பிள்ளை வீட்டில் இருக்கா, இல்ல வேலைக்குப் போயிருக்கா?

'சைட்' சொல்லிக் கொடுத்தது இதுதான்னு நான் நினைக்கிறேன். 36,000 கிலோமீட்டர் தூரத்தைக் கோழிவலை வெச்சுக் கடந்துட்டோம். டிவி பெட்டிக்கும் பிள்ளைக்கும் நடுவில் இருக்கிற பத்தடி தூரம்தான் கஷ்டம். அதைக் கடக்க அங்கே ஒரு வாத்தியார் நிக்கணும், பிள்ளையோட மொழி பேசணும், பிள்ளை மாடு மேய்க்கப் போகாம அங்கே உக்கார்ந்திருக்கணும். இதில் எதையும் வானத்திலிருந்து அனுப்ப முடியாது.

இருந்தாலும், கடைசி ஊரிலிருந்து தொடங்கலாம்னு ஒரு நாடு ஒரு தடவை முடிவு பண்ணி, செஞ்சும் காட்டியிருக்கு. முடியாதுன்னு இனிமே யாரும் சொல்ல முடியாது. அன்னிக்கு அந்தத் திண்ணையில் உக்கார்ந்திருந்த பிள்ளைகளுக்கு இன்னிக்கு ஐம்பதைத் தாண்டி அறுபது வயசு. ராய்ச்சூர், குல்பர்கா, கர்நூல் பக்கத்து நண்பர்கள் யாராவது இருந்தா, வீட்டுப் பெரியவங்ககிட்ட கேட்டுப் பாருங்களேன். பதில் கிடைச்சா பின்னூட்டத்தில் போடுங்க, தனிப்பதிவாவே போட்டுடலாம்.

கொசுறு: செயற்கைக்கோளைப் பூமத்திய ரேகைக்கு மேலே ஒரே இடத்தில் நிக்கிற மாதிரி நிறுத்தி உலகம் முழுக்க ஒளிபரப்பலாம்னு 1945-லேயே எழுதினவர் ஆர்தர் சி. கிளார்க். சைட் நடந்தப்போ அவர் கொழும்பில் இருந்தார். அவர் வீட்டிலேயே இஸ்ரோ ஆளுங்க வந்து ஒரு ஆன்டெனாவும் டிவியும் மாட்டிக் கொடுத்துட்டுப் போனாங்க. இலங்கையில் அப்போ டிவி நிலையமே கிடையாது, 1979-லதான் வந்தது. அதனால பக்கத்து வீட்டுக்காரங்க எல்லாம் அவர் வீட்டுக்குத்தான் டிவி பார்க்க வந்திருப்பாங்கன்னு நினைக்கிறேன். நம்ம ஊர்ல முதல் டிவி வாங்கின வீடு மாதிரியே!